காந்தளைப் பற்றி நாம் எழுதாமல் விட்டது

நம் தீவுகளில் வெளிவரும் விழா மலர்களைச் சேர்த்து வைத்திருப்பவர்களுக்கு இது தெரியும். ஒரு மலர் விட்டு ஒரு மலரில் செங்காந்தளைப் பற்றி ஒரு கட்டுரை கட்டாயம் இருக்கும். குறிஞ்சிப்பாட்டில் கபிலர் அடுக்கும் 99 பூக்களில் முதற்பூ அதுதான் என்று தொடங்கும். முருகனுக்கு உகந்தது என்று சொல்லும். மகளிர் விரலுக்கு உவமை என்று சொல்லும். தமிழ்நாட்டின் மாநில மலர் என்று முடிந்துவிடும். அப்படி இரண்டு கட்டுரைகள் நானே எழுதியிருக்கிறேன். ஆகவே இந்தக் குறைகூறல் முதலில் என்மேல்தான் விழுகிறது.

சில ஆண்டுகளுக்கு முன் நம் சங்கக் கட்டடத்து முற்றத்தில் காந்தள் நடலாம் என்று முடிவானது. யோசனை என்னுடையது. என் சொந்த ஊர் ஒட்டன்சத்திரம் பக்கம். அங்கே இதைத் தோட்டத்தில் பயிராகவே வைக்கிறார்கள். ஊருக்குப் போய்வந்த ஒருவர் சின்னச் சாக்கில் பத்துப் பன்னிரண்டு கிழங்கு கட்டி, சென்னைக் கப்பலில் கொண்டுவந்து சேர்த்தார். பொங்கல் விழா நெருக்கடியில் யாரோ அந்தச் சாக்கைச் சமையல்கட்டின் மூலையில், சர்க்கரைவள்ளிக் கிழங்குக் கூடைக்குப் பக்கத்தில் வைத்துவிட்டார்கள். விழாவன்று காலை கிழங்கு நறுக்க உட்கார்ந்த பெண்கள் கூடையோடு சாக்கையும் அவிழ்த்துக் கொட்டிக்கொண்டார்கள்.

தடுத்தது கச்சல் பெரியம்மா. 1970களில் இலங்கையிலிருந்து திரும்பிய குடும்பங்களை நிக்கோபாரின் கச்சல் தீவில் ரப்பர்த் தோட்ட வேலைக்குக் குடியமர்த்தினார்கள் அல்லவா, அப்படி வந்த ஒரு குடும்பத்தவர். 2004 சுனாமிக்குப் பின் போர்ட் பிளேருக்கு (2024 முதல் ஸ்ரீ விஜயபுரம்) வந்துவிட்டார். கிழங்கைக் கையில் எடுத்து, கலப்பைபோல இரண்டாகப் பிரிந்திருந்த வளைவைப் பார்த்தவர் சத்தம் போட்டார்: "ஆரு தம்பி இத இங்கன வச்சது? இது நியங்கலாக் கிழங்கு. தின்னா ஆளு தப்பாது!"

இதிலே வெட்கப்பட வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. நடுகிற பேச்சு வந்தபோதே பெரியம்மா, "அந்தப் பூவ உத்துப் பாத்தா கண்ணு வலிக்கும், வேணாம்" என்று சொன்னார். நாங்கள் சிரித்தோம். நான் எழுந்து, அது மூடநம்பிக்கை, சங்கப் புலவர்கள் கொண்டாடிய பூ என்று கால்மணி நேரம் பேசினேன். எங்களுக்குப் பாட்டு தெரிந்தது, கிழங்கு தெரியவில்லை. எனக்கு ஊரில் பார்த்துத் தெரியும், ஆனால் பேச்சில் சொல்லத் தோன்றவில்லை. அது இன்னும் மோசம்.

கண்வலிப்பூ என்ற பெயர் தமிழ்நாட்டிலும் பரவலானது. வியாபாரத்திலேயே கண்வலிக் கிழங்கு, கண்வலி விதை என்றுதான் பெயர். பார்த்தால் கண் வலிக்கும் என்பதற்கு ஆதாரம் கிடையாது. எங்கள் பக்கத்துத் தோட்டங்களில் காய் நன்றாகப் பிடிப்பதற்காகக் காலை வேளையில் பூப்பூவாகப் போய் மகரந்தத்தைக் கையால் எடுத்துச் சூல்முடியில் தடவுகிறார்கள். ஒவ்வொரு பூவையும் முகத்துக்கு நேரே வைத்துப் பார்த்தால்தான் அந்த வேலை நடக்கும். பார்வையே நோய் தரும் என்றால் அதற்கு யார் கூலிக்கு வருவார்கள்? மழை முடிந்து ஊரில் கண்நோய் பரவுகிற காலமும் இது பூக்கும் காலமும் ஒன்றாக இருப்பதால் பழி பூவின்மேல் விழுந்திருக்கலாம் என்பது என் ஊகம்.

நம் தீவில் ஒரு வசதி, ஒரே தெருவில் ஐந்து மொழி கேட்கலாம். மலையாள வீட்டில் இது மேந்தோன்னி. வங்காள வீட்டில் உலட்சண்டால். இந்திக்காரர்களுக்குக் கலிஹாரி. சமஸ்கிருதத்தில் இலாங்கலி, அதாவது கலப்பை. நம் கலப்பைக்கிழங்கும் அதே பொருள்தான். கலிகாரி என்றும் சொல்வார்கள். கலகம் செய்வது என்று அர்த்தம். மராட்டியில் களலாவி. அந்தச் சொல்லுக்குச் சண்டை மூட்டுவது என்று பொருள் கொண்டு, இந்தப் பூவை வீட்டில் வைத்தால் குடும்பத்தில் சண்டை வரும் என்கிறார்கள். அதே சொல்லுக்கு வலியைத் தூண்டுவது என்றும் பொருள் சொல்லலாம். இரண்டாவதுதான் மூலம் என்று நினைக்கிறேன். பேறுகாலத்தில் இந்தக் கிழங்கை அரைத்து உள்ளங்கை, உள்ளங்கால், தொப்புளில் பூசுகிற பழக்கம் நாட்டு வைத்தியத்தில் உண்டு. கருவைக் கலைக்கும் என்றும் பழைய மருத்துவ நூல்கள் இதற்குப் பெயரே வைத்திருக்கின்றன. மருத்துவச்சிக்குத் தெரிந்த ஒரு செய்தி, சொல் மாறிக் கேட்டு, மாமியார் மருமகள் சண்டையில் வந்து நிற்கிறது. கதை பொய்யாக இருக்கலாம். அதற்குள்ளே ஒரு எச்சரிக்கை உடைந்து கிடக்கிறது.

இனி நம் புலவர்களிடம் வருவோம். காந்தளில் விஷம் இருப்பதைச் சங்கத் தமிழர் அன்றே கண்டுபிடித்துவிட்டார்கள் என்று இப்போது மேடைகளில் ஒரு பேச்சு கிளம்பியிருக்கிறது. சான்றாகத் திருமுருகாற்றுப்படையைக் காட்டுவார்கள். முருகன் தலையில் சூடிய காந்தளை வண்டு மொய்க்காது என்று நக்கீரர் சொல்கிறார். வண்டு ஏன் மொய்க்கவில்லை? விஷம் இருப்பதால், என்று முடித்துவிடுகிறார்கள். கைதட்டலும் கிடைக்கும்.

ஆனால் வண்டு அங்கே ஒன்றுதான் இருக்கிறதா? பதிற்றுப்பத்தில் 67ஆம் பாட்டைப் பாருங்கள். அதுவும் கபிலர் பாடியது. நேரிமலைக் காந்தளில் விடாமல் தாதூதிய தும்பி ஒன்று, அது சூர் விரும்பிய பூ என்பதால் பறக்கும் வலிமை கெட்டுப் போகிறது. இங்கே வண்டு மொய்க்கிறது, தண்டனையும் பெறுகிறது. அடுத்து குறுந்தொகை 239. அங்கேயும் காந்தளில் தும்பி தாதூதுகிறது. அதற்கு ஒன்றும் ஆகவில்லை. சிவந்த பூவில் கருந்தும்பி உட்கார்ந்திருப்பது, பாம்பு உமிழ்ந்த மணிபோல அழகாகத் தெரிகிறதாம். மலை முழுதும் மணக்கிறது என்றும் அந்தப் பாட்டு சொல்கிறது. நம் முற்றத்துக் காந்தளை மூக்கோடு வைத்துப் பார்த்துவிட்டேன். வாசனை என்று சொல்ல ஒன்றும் இல்லை. அது ஒரு தனி வழக்கு, இங்கே வேண்டாம்.

ஆக மூன்று வண்டுகள். ஒன்று கிட்டே வரவில்லை, ஒன்று வந்து கெட்டது, ஒன்று வந்து ஒளிர்ந்தது. முதல் வண்டை மட்டும் பிடித்து வைத்துக்கொண்டு விஞ்ஞானம் பேசுவது நியாயமான வாசிப்பு ஆகாது. பாட்டில் அச்சம் இருக்கிறது, மறுக்கவில்லை. அது தெய்வத்தைப் பற்றிய அச்சம். முருகன் சூடிய பூ, சூர் தங்கும் பூ, அதனால் வண்டுக்கும் விலக்கு. தொல்காப்பியப் புறத்திணையியல், வேலன் வெறியாடுகிற துறைக்கே காந்தள் என்றுதான் பெயர் வைத்திருக்கிறது. குறுந்தொகையின் முதற்பாட்டில், போர்க்களம் சிவக்க அவுணரைக் கொன்ற சேயோனின் குன்றத்தில் இரத்த நிறத்தில் காந்தள் பூத்துக் கிடக்கிறது. காதலன் கையுறையாகக் காந்தளைக் கொண்டுவந்து நீட்ட, எங்கள் மலையில் அது நிறைய இருக்கிறது, நீ கொண்டுபோ என்று தோழி மறுக்கிற இடம் அது. அழகு, இரத்தம், தெய்வம், மறுப்பு எல்லாம் நாலு அடிக்குள் இருக்கின்றன. இதில் மருந்துக் கடைச் சரக்கைத் தேடுகிறவன் பாட்டையும் இழக்கிறான், மருந்தையும் இழக்கிறான். நான் படித்த காந்தள் பாட்டுகளில் கிழங்கு நஞ்சு என்று சொல்லும் வரி ஒன்றும் இல்லை. புலவருக்கு அது குறை இல்லை. கிழங்கைப் பற்றிப் பாட அவர் வரவில்லை.

கிழங்கைப் பற்றிச் சொல்ல வேண்டியது நாம்தான். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். லின்னேயஸ் 1753இல் குளோரியோசா சுபெர்பா என்று பெயரிட்ட இந்தக் கொடியின் எல்லாப் பாகத்திலும் கோல்சிசின் என்ற நஞ்சு உண்டு. கிழங்கிலும் விதையிலும் அதிகம். ஐரோப்பாவில் வேறொரு செடியிலிருந்து 1820இல் பெல்லெத்தியே, காவந்து என்ற இரண்டு பிரெஞ்சுக்காரர்கள் முதலில் பிரித்தெடுத்த அதே பொருள். மிகச் சிறிய அளவில் கீல்வாத வலிக்கு இன்றும் மருந்து. திண்டுக்கல், கரூர், திருப்பூர் மாவட்டங்களில் விளையும் கண்வலி விதை வெளிநாடு போவது இதற்காகத்தான். உடம்பில் ஒரு செல் இரண்டாகப் பிரிய உள்ளே நூல்போன்ற ஓர் அமைப்பு வேண்டும். கோல்சிசின் அந்த நூலைக் கட்டவிடாது. எங்கெல்லாம் செல்கள் வேகமாகப் பிரிகின்றனவோ அங்கே அடி முதலில் விழும்: குடல், எலும்பு மஜ்ஜை, முடியின் வேர்.

தின்றவுடன் ஒன்றும் தெரியாது. சில மணி நேரம் கழித்துத்தான் வாந்தியும் பேதியும் தொடங்கும். விருந்துச் சாப்பாடு ஒத்துக்கொள்ளவில்லை என்றுதான் வீட்டில் நினைப்பார்கள். இரண்டு மூன்று நாளில் இரத்த அணுக்கள் குறையும், சிறுநீரகமும் இதயமும் தளரும். பிழைத்தவர்களுக்கும் ஒன்றிரண்டு வாரத்தில் தலைமுடி கொத்தாக உதிரும். கைக்கு எட்டும் மாற்று மருந்து இல்லை. ஆஸ்பத்திரியில் சேர்த்து உடம்பைத் தாங்கிப் பிடிக்கலாம், அவ்வளவுதான். வேகவைத்தால் விஷம் போய்விடும் என்று நம்பக் கூடாது. இலங்கையில் இதை வள்ளிக்கிழங்கு என்று தவறாக எண்ணித் தின்று இறந்தவர்கள் உண்டு. பெரியம்மாவுக்கு அது புத்தகத்தில் படித்த செய்தி இல்லை, தோட்டத்து லயத்தில் கேட்டு வளர்ந்தது. சித்த வைத்தியர்கள் இதை உப்புச் சேர்த்த மோரில் ஊறவைத்துச் சுத்தி செய்து வேறு மருந்தோடு சேர்ப்பார்கள். அது அவர்கள் தொழில். யாரோ சொன்னார்கள் என்று மோர் ஊற்றிப் பார்க்க வேண்டாம்.

இவ்வளவும் எழுதியபின் காந்தளே வேண்டாம் என்று சொல்வேன் என எதிர்பார்த்திருப்பீர்கள். அப்படிச் சொல்ல மனம் வரவில்லை. காரணம் குறுந்தொகை 361. அதுவும் கபிலர். தலைவனின் மலையில் மாலையில் பெய்த மழை காலையில் வெள்ளமாக இறங்கி வருகிறது. வேரோடு ஒரு காந்தளை அடித்துக்கொண்டு வருகிறது. தலைவி அதை எடுத்து, இலை கசங்கும்படி அணைத்துக்கொள்கிறாள். வீட்டுக்குக் கொண்டுபோய் நடுகிறாள். தாய் பார்க்கிறாள், தடுக்கவில்லை. அந்த ஒன்றுக்குக் கைம்மாறாக வானுலகத்தைக் கொடுத்தாலும் போதாது என்று தோழியிடம் சொல்கிறாள் அந்தப் பெண்.

வெள்ளத்தில் வந்த கொடியை மறுபடி நட்டால் பிழைக்குமா என்று கேட்கலாம். காந்தள் பிழைக்கும். தண்டும் இலையும் அழிந்தாலும் கிழங்கிலிருந்து திரும்ப முளைப்பதுதான் அதன் இயல்பு. கபிலர் செடியைப் பார்த்துத்தான் பாடியிருக்கிறார். நாம் கொண்டாட வேண்டிய அறிவு இதுதான், இல்லாத விஷ ஆராய்ச்சி இல்லை. ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் கடலைத் தாண்டி, ஊரிலிருந்து ஒரு கிழங்கைச் சாக்கில் கட்டிக் கொண்டுவந்த மனிதரைப் பார்த்தபோது எனக்கு அந்தப் பெண் ஞாபகத்துக்கு வந்தாள். அந்த அம்மா தடுக்காமல் இருந்ததும் வந்தது. ஆனால் அந்த அம்மா கிழங்கை அடுப்படியில் வைக்க விட்டிருக்க மாட்டாள்.

கிழங்குகளை அன்று மாலையே நட்டுவிட்டோம், குழந்தைகள் விளையாடும் பக்கம் இல்லாமல், பின்வேலி ஓரமாக. ஆறு முளைத்தன. ஐப்பசியில் முதல் பூ வந்தது: பச்சையாக மொட்டு விட்டு, மஞ்சளாகி, இதழ் பின்னால் மடங்கி, சில நாளில் நெருப்பாக நின்றது. கிழங்கும் விதையும் நஞ்சு, தொட்டால் கை கழுவவும், வாயில் வைக்க வேண்டாம் என்று தமிழிலும் இந்தியிலும் வங்காளத்திலும் பலகை எழுதி வைத்தோம். பெரியம்மா வந்து பலகையைப் படிக்கச் சொல்லிக் கேட்டார். "கண்ணு வலிக்கும்னு எழுதலையே தம்பி?" என்றார். அது உண்மை இல்லை பெரியம்மா என்றேன். "இருந்தா என்ன, புள்ளைங்க கிட்டப் போகாம இருக்கும்ல" என்றார்.

அடுத்த செயற்குழுவில் இதை வைத்தேன். எழுதலாம் என்று பாதிப் பேர், பொய்யை எழுதக் கூடாது என்று பாதிப் பேர். பலகை இன்னும் அப்படியேதான் இருக்கிறது. பெரியம்மா மட்டும் பின்வாசல் வழியே போகும்போது சேலைத் தலைப்பை நெற்றிக்கு இழுத்துக்கொண்டு போகிறார்.