சொல்லற்ற புலம்பல்: கோல்ட்ரேனின் ‘அலபாமா’

எதிர்ப்பிசை என்றவுடன் கூட்டமாய்ப் பாடும் பாடல்களையே நாம் நினைக்கிறோம். சொல்லே இல்லாத இசை அநீதியைக் கண்டிக்க இயலுமா? அமெரிக்கக் கறுப்பின ஜாஸ் இசைஞர் ஜான் கோல்ட்ரேன் 1963 நவம்பர் 18இல் பதிவுசெய்த ‘அலபாமா’ இவ்வினாவை நம்முன் வைக்கிறது.

அதற்கு இரு திங்களுக்கு முன், செப்டம்பர் 15 ஞாயிறன்று, அலபாமா மாநிலத்துப் பர்மிங்காம் நகரில், பதினாறாம் தெரு பாப்திஸ்து ஆலயத்தில் வெள்ளை இனவெறியர் வைத்த குண்டு வெடித்தது. ஆடி மே காலின்ஸ், சிந்தியா வெஸ்லி, கரோல் ராபர்ட்சன் ஆகிய பதினான்கு வயதுச் சிறுமியர் மூவரும், பதினொரு வயது டெனிஸ் மெக்நேரும் மாண்டனர். அன்றைய ஓய்வுநாள் பள்ளிப் பாடம் ‘மன்னிக்கும் அன்பு’ என்பதாகும்.

பியானோவின் தாழ்ந்த சுரங்கள் ஓயாது அதிர (நம் செவிக்குத் தம்புராவின் சுருதியை நினைவூட்டும்), அதன்மேல் சாக்ஸபோன் தாளக்கட்டின்றித் தயங்கித் தயங்கிப் பேசுகிறது. இடையில் தாளம் பிறந்து நடை சீராகிறது. துயரம் தணிந்ததென எண்ணுகிறோம். அந்நடை நின்றுவிடுகிறது; முதற் புலம்பலே திரும்புகிறது. ஏறத்தாழ ஐந்து நிமிட இசையில் நம்மைக் குலைப்பது இத்திரும்புதலே. ஆறுதலை ஏற்க மறுப்பதே இவ்விசையின் எதிர்ப்பு என்பது எம் துணிபு.

அடக்க ஆராதனையில் மார்ட்டின் லூதர் கிங் ஆற்றிய உரையின் ஏற்ற இறக்கத்தை இவ்விசை பின்பற்றுகிறது என்பாருண்டு. அதற்கு உறுதியான சான்றை நாம் கண்டதில்லை. இசையின் வலிமைக்கு அது தேவையுமில்லை. ஆயினும் ஒரு குறையைச் சொல்லவேண்டும். தலைப்பை நீக்கிவிட்டால் இது எவருடைய துயரத்திற்கும் பொருந்தும், கொன்றவரைச் சுட்டாது. அலபாமா என்னும் அவ்வொரு சொல்லே குற்றச்சாட்டு முழுவதையும் சுமக்கிறது.

இறந்தோர் வீட்டில் உயிர்த்தெழுதலின் வசனத்திற்கு விரைந்தோடுவது போதகராகிய நம் வழக்கம். கொலையுண்டோர் வீட்டிலும் அவ்வாறே ஓடி, நீதி கிட்டுமுன் மன்னிப்பைக் கேட்டிருக்கிறோம். பர்மிங்காமில் முதற் குற்றவாளி தண்டிக்கப்பட்டது 1977இல்; வேறிருவர் 2001, 2002ஆம் ஆண்டுகளில். ராகேலின் அழுகையும் புலம்பல் நூலும் நம் திருமறையில் இருந்தும் அவற்றின்மேல் அருளுரை கேட்பது அரிது. புலம்பல் நூலைப் பயிற்றும் ஆசிரியர்கள் இவ்விசையை வகுப்பில் ஒருமுறை ஒலிக்கச்செய்யலாம். விளக்கவுரையைச் சற்றுப் பிந்தித் தொடங்கலாம்.