அரபுத்தமிழ் ஏடுகளும் ஊவாவின் வெற்றுப் பக்கமும்

இலங்கை முஸ்லிம்களின் தமிழ் இலக்கிய வரலாற்றை எழுத முற்படுவோர் கண்டியையும் கிழக்கையும் பற்றிப் பல பக்கங்கள் எழுதுவர். ஊவாவுக்கு வரும்போது பேனா நின்றுவிடும். அங்கே பழைய புலவர்கள் இல்லை என்பார்கள். பதுளையில் பிறந்து வளர்ந்த நானும் இதை நெடுங்காலம் ஏற்றிருந்தேன். இன்று ஏற்க முடியவில்லை. அதற்கான காரணத்தை ஒரு குற்ற ஒப்புதலோடுதான் தொடங்க வேண்டியிருக்கிறது.

எங்கள் வீட்டு அலுமாரியின் மேல்தட்டில் உம்மும்மாவின் கிதாபுக் கட்டொன்று பச்சைத் துணியில் சுற்றப்பட்டிருந்தது. எல்லாம் கையால் எழுதிய அரபுத்தமிழ் ஏடுகள். உம்மும்மாவுக்குத் தமிழ் எழுத்துத் தெரியாது. ஆனால் அரபு எழுத்தில் உள்ள தமிழைத் தங்குதடையின்றி வாசிப்பார். றபீஉல் அவ்வல் இரவுகளில் அண்டை வீட்டுப் பெண்கள் கூடியிருக்க அவர் இராகமிட்டு வாசித்தது இன்னும் காதில் நிற்கிறது. அவர் மௌத்தான பின், தாள்களைப் பூச்சி அரித்துவிட்டது, அல்லாஹ்வின் திருநாமம் உள்ள எழுத்து காலில் மிதிபடலாகாது என்று பெரியவர்கள் முடிவு செய்தனர். கட்டைப் பதுளு ஓயாவில் விடும் பொறுப்பு என்னிடம் வந்தது. அப்போது எனக்கு 14 வயது. விடுமுன் கடைசித் தாளைப் பிரித்துப் பார்த்தேன். பிள்ளைகள் பிறந்த நாட்களும் ஒரு மௌத்தும், பசறைப் பக்கத்துத் தோட்டமொன்றின் பெயரும் அரபு எழுத்தில் இருந்தன. வாசித்து முடிக்குமுன் "விடுங்க மகன்" என்றார் வாப்பா. விட்டுவிட்டேன்.

நான் செய்தது மார்க்க மரபுக்கு மாறானதன்று. பழுதடைந்த திருமறைத் தாள்களைப் புதைப்பதும் ஓடும் நீரில் விடுவதும் முஸ்லிம்களின் வழக்கம்தான். ஆயினும் அதே மரியாதைக்கு இன்னொரு வழியும் இருந்திருக்கிறது. யெமன் நாட்டின் ஸன்ஆ பெரிய பள்ளிவாசலில் பழுதடைந்த குர்ஆன் தாள்களைக் கூரைக்கும் உட்கூரைக்கும் இடையே சேர்த்து வைத்திருந்தனர். 1972இல் கட்டடத்தைத் திருத்தியபோது அவை வெளிப்பட்டன. முன்பு எழுதியதை அழித்து, அதன் மேலேயே மீண்டும் எழுதிய மிகப் பழைய தோற்தாள்களும் அவற்றில் இருந்தன. குர்ஆன் எழுத்து வரலாற்றை ஆராய்வோர் இன்று அவற்றைத் தவிர்த்துப் பேச முடியாது. அங்கும் கழிக்கப்பட்டவை பழுதான தாள்களே. ஆனால் அவை ஓரிடத்தில் இருந்தன.

1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது ஓலைச்சுவடிகளும் சேர்ந்து எரிந்தன. அது பகைமையின் செயல். அதற்காக நாம் இன்றும் வருந்துகிறோம். நம் வீட்டு ஏடுகளை அழித்ததோ நமது மரியாதை. அதற்காக வருந்துவோர் யாருமில்லை.

இழந்தது என்ன? முதலாவது, ஒலி. நமது பழம் புலவர்கள் தமிழ் யாப்புக்குள் நின்று பாடியதால் ஸீரா சீறாவாயிற்று, மிஃராஜ் மிகுராசாயிற்று, மஸ்அலா மசலாவாயிற்று. அரபுத்தமிழிலோ அரபுச்சொல் தன் எழுத்தோடே நிற்கும். தமிழ்ச்சொல்லும் பேசியபடி பதியும். 'பாவம்' என்பதையும் 'பாவா' என்பதையும் தமிழில் ஒரே எழுத்தால் தொடங்குகிறோம். அரபு எழுத்து இரண்டையும் பிரித்துக் காட்ட வல்லது. ஆகவே ஓர் அரபுத்தமிழ் ஏட்டைத் தமிழ் எழுத்துக்கு மாற்றி அச்சிட்டுவிட்டு, மூலத்தைக் கைவிடுவது பதிப்புப் பணியாகாது. அதை எழுதியவரின் நாக்கும் வாசித்தவரின் காதும் அதில் போய்விடுகின்றன.

இரண்டாவது இழப்பு, அந்தக் கடைசித் தாள். கலாநிதி ம.மு. உவைஸ் அவர்கள் தமிழுக்கு முஸ்லிம்கள் ஆற்றிய பணி பற்றிய தமது ஆங்கில நூலை 1953இல் வெளியிட்டிராவிட்டால் நமக்கு இலக்கிய வரலாறு என்ற ஒன்றே வாய்த்திராது. 1572இல் 'ஆயிர மசலா', 1590இல் 'மிகுராசு மாலை' என்று நாம் இன்று வரிசைப்படுத்துவது அவரைப் போன்றோரின் உழைப்பால்தான். ஆனால் அவருக்குப் பின் வந்த நாம் அந்தப் பட்டியலிலேயே தங்கிவிட்டோம். யார் பாடினார், எங்கே அரங்கேறியது என்பவை மட்டுமே நமது கேள்விகள். யார் பிரதி செய்தார், யார் கூட்டி வைத்து வாசித்தார், யார் தோட்டத்துக்குச் சுமந்து வந்தார் என்று நாம் கேட்பதில்லை. இந்த அளவுகோலில் ஊவா வெற்றுப் பக்கமாகத்தான் தெரியும். கீழக்கரை மாப்பிள்ளை லெப்பை ஆலிம் (1816–1898) அரபுத்தமிழ் உரைநடையில் எழுதிய 'பத்ஹுத் தய்யான்' நமது இலக்கிய விமர்சனத்தில் காப்பியங்களுக்குரிய இடத்தைப் பெறாமைக்கும் இதுவே காரணம் எனலாம்.

மாற்றுவழியை நமது அயலவரிடமே காணலாம். 1873இல் இலங்கை ரைபிள் படைப்பிரிவு கலைக்கப்பட்டபின் மலாய்ச் சிப்பாய்களில் பலர் பொலிஸிலும் தோட்டங்களிலும் தொழில் தேடினர். பதுளையிலும் மலாய்க் குடும்பங்கள் உண்டு. இலங்கை மலாய் வீடுகளில் இருந்த ஏடுகளைப் பிரித்தானிய நூலகத்தின் ஆதரவோடு ஆய்வாளர் ரோனித் ரிச்சி படம்பிடித்துப் பதிவு செய்தார். மலாய், அரபு மொழிகளோடு அரபுத்தமிழும் அவ்வேடுகளில் கலந்திருக்கிறது. உரிமையாளரின் பெயர், பிறப்பு, இறப்புக் குறிப்புகளையும் அவர் ஒதுக்கவில்லை. அவர் 2011இல் வெளியிட்ட நூல், நமது 'ஆயிர மசலா'வை அதே கதையின் மலாய், ஜாவா வடிவங்களோடு வைத்து ஆராய்கிறது. நாம் தமிழ்க் காப்பியமாக மட்டும் பார்த்த ஒன்று, மூன்று மொழி முஸ்லிம்கள் பகிர்ந்த நூலாக அங்கே தெரிகிறது.

ஊவாவில் இன்னும் ஏடுகள் மிஞ்சியிருக்கக்கூடும். வெலிமடை, குருத்தலாவ, பசறை, ஹாலிஎல வீடுகளின் அலுமாரிகளைப் பார்க்க வேண்டும். அவற்றை விற்கவோ கொடுத்துவிடவோ வேண்டியதில்லை. கைத்தொலைபேசியில் ஒவ்வொரு தாளையும் படமெடுத்தால் போதும். அரபுத்தமிழ் வாசிக்கத் தெரிந்த மூத்தவர்கள் உள்ள போதே அவர்களை வாசிக்கச் செய்து குரலையும் பதிய வேண்டும். அதன் பின்னர் புதைப்பதானாலும் ஆற்றில் விடுவதானாலும் அது அவரவர் விருப்பம்.

அந்தக் கடைசித் தாளில் இருந்த தோட்டத்தின் பெயரைப் பலமுறை நினைவுக்குக் கொண்டுவர முயன்றிருக்கிறேன். முதலெழுத்து 'மீம்' என்பது மட்டுமே நினைவில் இருக்கிறது.