அந்தப் 12 நிமிடங்கள்

நல்ல படத்தொகுப்பு கண்ணுக்குத் தெரியாது என்பார்கள். படத்தொகுப்பாளர் ஏ. ஸ்ரீகர் பிரசாத் விருது வாங்கும்போதெல்லாம் இந்த வாசகத்தைத் தூசி தட்டி எடுப்பது வழக்கம். ‘சிவரஞ்சனியும் இன்னும் சில பெண்களும்’ படத்துக்காக 2022இல் அவருக்குத் தேசிய விருது அறிவிக்கப்பட்டபோதும் அப்படித்தான். ‘ராக்’ (1989) தொடங்கி, நடுவர் குழுவின் சிறப்பு விருதையும் சேர்த்தால், அது 9ஆவது. விருதோடு எனக்கு வழக்கில்லை. அதற்குச் சொல்லும் காரணத்தோடுதான்.

அவருடைய கைத்திறனை மறுப்பவன் சினிமா பார்க்கத் தெரியாதவன். ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ ஒன்றே போதும். ‘அலைபாயுதே’யை (2000) எடுத்துக்கொள்ளுங்கள். மனைவியை அழைத்துவரக் கார்த்திக் பைக்கில் ரயில் நிலையம் போகிறான், அவள் வரவில்லை. அவன் தேடி அலையும் இரவுக்குள் காதலும் வீட்டுக்குத் தெரியாமல் நடந்த கல்யாணமும் சண்டையும் துண்டு துண்டாக வந்து விழுகின்றன. அவர்கள் சிரிக்கும்போதுகூட ‘இப்போது அவள் எங்கே?’ என்ற கேள்வி நம்மை உறுத்துகிறது. வரிசையாக அடுக்கியிருந்தால் பத்தோடு பதினொன்றான காதல் கதை. இங்கே வெட்டு ஒளிந்துகொள்ளவில்லை. பட்டவர்த்தனமாகத் தெரிகிறது, தெரிவதால்தான் படம் நிற்கிறது.

அப்படியிருக்க, ‘தெரியாமை’யை ஏன் இலக்கணமாக்கினோம்? அது வசதியான மறைவிடம் என்பதால்தான். நெடுநாளாக நான் சொல்லிவருவது இதுதான்: தொகுப்பாளருக்குப் புகழில் பங்கு உண்டு, பழியில் பங்கில்லை என்று நாம் பழகிவிட்டோம்.

2024 ஜூலையில் ‘இந்தியன் 2’ வந்தது. மூன்று மணி நேரப் படம். இழுவை என்று ரசிகர்கள் முணுமுணுத்ததும், வெளியான சில நாட்களிலேயே 12 நிமிடங்களை வெட்டினார்கள். இயக்குநர் ஷங்கரைத் திட்டினார்கள், தயாரிப்பாளரைத் திட்டினார்கள், கமலின் ஒப்பனையைக்கூட விடவில்லை. தொகுப்பாளர் என்ற இடத்தில் இருந்த ஸ்ரீகர் பிரசாத்தின் பெயரைப் பெரும்பாலோர் எடுக்கவேயில்லை. டிக்கெட் வாங்கியவன் ஒரே தடவையில் கண்டுபிடித்த அந்த 12 நிமிடம், மாதக்கணக்கில் தொகுப்பு மேசையில் ஓடியபோது யார் கண்ணிலும் படவில்லையா?

‘இயக்குநர் வெட்டாதே என்றால் அவர் என்ன செய்வார்?’ என்று பரிந்து பேசுவார்கள். சரி, அப்படியே இருக்கட்டும். அப்படியானால் நன்றாக வந்த படங்களிலும் இயக்குநர்தானே சொன்னார்? அந்த விருதை மட்டும் ஏன் இவர் தனியாக வாங்கினார்? விளைந்தால் என் உழவு, பொய்த்தால் உன் மழை என்பது என்ன நியாயம்? உள்ளே எத்தனை மல்லுக்கட்டினாரோ, திரைக்கு வந்த படத்தில் அதன் தடயமில்லை. ‘வேண்டாம்’ என்ற சொல் செல்லாத இடத்தில் கத்தரி எதற்கு? பசை போதும்.

மலேசியாவில் லாபிஸ் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் நான் வளர்ந்த காலத்தில், சம்பளம் போட்ட வாரம் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டுவார்கள். விடியுமுன் ஆள் கணக்கெடுக்கும் பிரட்டுக்கு நிற்க வேண்டும் என்பதால், நேரமாகிவிட்டால் படம் ஓட்டுபவர் ஒரு சுருளையே விட்டுவிடுவார். பாட்டு போய்விடும், சில சமயம் வில்லன் எப்படிச் செத்தான் என்பதே தெரியாது. கரடுமுரடான வெட்டுதான். ஆனால் அடுத்த மாதம் அவருடைய வேன் திடலுக்குள் நுழைந்ததும் லயத்துப் பெண்கள் சூழ்ந்துகொள்வார்கள்.

“போன தடவ பாட்ட எங்கண்ணே ஒளிச்சு வச்சீங்க?”

“காலையில பால் வெட்டப் போறது நானாக்கா, நீங்களா?” என்பார்.

நான்தான் வெட்டினேன் என்று அவருக்குச் சொல்லத் தெரிந்திருந்தது.