வில்லியம் ஜில்லெட்: ஷெர்லாக் ஹோம்ஸுக்கு மேடையில் உருவம் தந்தவர்

அமெரிக்க நாடக மேடையில் அடக்கமான, இயல்பான நடிப்பை வளர்த்தவர்களுள் வில்லியம் ஜில்லெட் முக்கியமானவர். 1853 ஜூலை 24 அன்று கனெக்டிகட் மாநிலத்தின் ஹார்ட்ஃபோர்ட் நகரில் பிறந்தார். தந்தை பிரான்சிஸ் ஜில்லெட் செனட் உறுப்பினராக இருந்தவர். அடிமை முறையை எதிர்த்தவர். குடும்பம் வாழ்ந்த நூக் ஃபார்ம் பகுதியில் எழுத்தாளர் மார்க் ட்வைன் அண்டை வீட்டுக்காரர். அவருடைய ஆதரவால் 1875இல் பாஸ்டன் நகரில் ‘தி கில்டட் ஏஜ்’ நாடகத்தில் ஜில்லெட்டுக்குச் சிறு வேடம் கிடைத்தது.

அக்காலத்து மெலோடிராமா நாடகங்களில் உரத்த வசனமும் மிகையான கையசைவும் கோலோச்சின. ஜில்லெட் குரலைத் தாழ்த்திப் பேசினார்; பேசாமல் நின்றும் பதற்றத்தை உண்டாக்கினார். அமெரிக்க உள்நாட்டுப் போரைக் களமாக்கி அவரே எழுதி நடித்த ‘ஹெல்ட் பை தி எனிமி’ (1886), ‘சீக்ரெட் சர்வீஸ்’ (1896) ஆகியவை அவருக்குப் பெரும்பெயர் தந்தன. மேடை நுட்பங்களிலும் அவருக்கு ஆர்வம் அதிகம். குதிரைக் குளம்பொலியை எழுப்பும் முறை ஒன்றுக்குக் காப்புரிமையும் பெற்றார். ஒவ்வொரு வசனத்தையும் அந்தக் கணத்தில்தான் மனத்தில் தோன்றியதுபோலப் பேச வேண்டும் என்பது, 1913இல் ஆற்றிய உரையில் அவர் முன்வைத்த நடிப்புக் கொள்கை.

கானன் டாயிலின் துப்பறிவாளரை வைத்து அவர் எழுதிய ‘ஷெர்லாக் ஹோம்ஸ்’ 1899 நவம்பரில் நியூயார்க்கின் கேரிக் அரங்கில் மேடையேறியது. ஹோம்ஸுக்குக் கல்யாணம் செய்துவைக்கலாமா என்று ஜில்லெட் கேட்டதற்கு, கல்யாணமோ கொலையோ, உம் விருப்பம்போல் செய்துகொள்ளும் என்ற பொருளில் டாயில் பதில் அனுப்பினார். நாடகத்தின் புகழ்பெற்ற கட்டம் நச்சுவாயு அறையில் நடக்கிறது. எதிரிகள் சூழ்ந்து நிற்க, ஹோம்ஸ் விளக்கை அடித்து நொறுக்குகிறார். இருளில் அவருடைய சுருட்டின் நெருப்பு மட்டும் மினுங்குகிறது. அதைக் குறிவைத்து அடியாட்கள் ஜன்னல் பக்கம் பாய்கிறார்கள். சுருட்டை அங்கேயே வைத்துவிட்டு ஹோம்ஸ் கதவு வழியே தப்பிவிடுகிறார். இந்த வேடத்தில் ஜில்லெட் சுமார் 1,300 முறை நடித்தார். வளைந்த புகைக்குழாய் ஹோம்ஸின் அடையாளமானதும் இந்த மேடையால்தான். ஓவியர் ஃபிரெடரிக் டோர் ஸ்டீல் ஹோம்ஸை வரைந்தபோதும் ஜில்லெட்டின் முகமே முன்மாதிரி. 1905இல் லண்டனில் அவருடன் ஏவல் சிறுவன் பில்லியாக நடித்தவர், பின்னாளில் உலகப்புகழ் பெற்ற சார்லி சாப்ளின்.

1916இல் எஸ்ஸனே நிறுவனம் நாடகத்தை மௌனப் படமாக்கியது. இயக்கியவர் ஆர்தர் பெர்த்லே. அப்போது ஜில்லெட்டுக்கு வயது அறுபதைத் தாண்டியிருந்தது. அவர் கதாநாயகனாக நடித்த ஒரே முழுநீளப் படம் இதுதான். கனெக்டிகட் ஆற்றங்கரையில் 24 அறைகள் கொண்ட கோட்டை வீடு ஒன்றை அவரே வடிவமைத்து 1919இல் கட்டி முடித்தார். தோட்டத்துக்குள் தனக்கென ஒரு குட்டி ரயிலையும் ஓடவிட்டார். வீடு அதன் அருமை அறியாத மூடர் கையில் சேரக் கூடாது என்று உயிலில் எழுதிவைத்து, 1937 ஏப்ரல் 29 அன்று காலமானார். 1943இல் மாநில அரசு அதை வாங்கிப் பொதுப் பூங்காவாக்கியது.

தொலைந்துபோனதாகக் கருதப்பட்ட படத்தின் பிரதி 2014இல் பாரிஸின் சினிமாத்தெக் பிரான்சேஸ் காப்பகத்தில் கிடைத்தது. சீரமைக்கப்பட்டு 2015இல் திரையிடப்பட்ட அந்தப் படமே, ஒரு தலைமுறையைக் கட்டிப்போட்ட அவருடைய ஹோம்ஸை இன்று கண்ணால் காண உதவும் முதன்மைச் சான்று.