தாளமே நடிப்பாக: நைனா மே மெக்கின்னி

பேசும்படம் பிறந்த புதிதில், காமிராவின் இரைச்சல் ஒலிப்பதிவில் விழாதபடி அதை அறைக்குள் அடைத்து வைத்தார்கள். அதனால் அக்கால ஆடல் காட்சிகள் பல, கொட்டகையின் முன்வரிசையில் உட்கார்ந்து நாடகம் பார்ப்பதுபோல அசையாமல் நிற்கும். 1929-இல் எம்.ஜி.எம். நிறுவனத்துக்காக கிங் விடார் எடுத்த ‘ஹல்லெலூயா’வில், இர்விங் பெர்லின் எழுதிய ‘ஸ்வானி ஷஃபிள்’ பாட்டுக்குக் கறுப்பின நடிகை நைனா மே மெக்கின்னி ஆடும்போது அந்தக் குறையே தெரிவதில்லை. பாதம் தரையை விட்டு எழும்பாமல் இழைகிறது. தாளம் இடுப்பில் விழுந்து தோளுக்கு ஏறி முழங்கையில் தெறிக்கிறது. எல்லாவற்றையும் வேடிக்கை பார்ப்பதுபோல முகத்தில் ஒரு குறும்பு. தென் கரோலினாவில் பிறந்து, நியூயார்க்கில் ‘பிளாக்பேர்ட்ஸ் ஆஃப் 1928’ மேடையில் குழு நடனம் ஆடிக்கொண்டிருந்த அவருக்கு அப்போது இருபது வயதுகூட நிரம்பவில்லை.

ஆடவும் பாடவும் தெரிந்தவர் என்று மட்டும் சொன்னால் அவருடைய கலை பிடிபடாது. தாளத்தையே நடிப்பாக்கியவர் அவர். ‘ஹல்லெலூயா’வில் அவர் ஏற்ற சிக் என்னும் பெண், சாராயக் கடையில் ஆடி ஆண்களை ஏமாற்றுபவள். பிறகு பிரசங்கம் கேட்டு மனம் திரும்புகிறாள். ஜெபக் கூட்டத்தில் ஆவேசம் வந்து அவள் துடிக்கும்போது, கடையில் கண்ட அதே தாளம் உடலில் மறுபடி ஏறுகிறது. பக்தியா, மோகமா என்று அவளுக்கே பிரித்தறிய முடியாத அந்த நிலையை வசனம் சொல்லவில்லை, உடல் சொல்கிறது.

மயக்கிக் கெடுக்கும் கறுப்பினப் பெண் என்பது வெள்ளையர் கற்பனையில் ஊறிய பழைய வார்ப்புதானே என்று கேட்கலாம். உண்மைதான், கதை அந்த வார்ப்பை விட்டு நகரவில்லை. ஆனால் எழுதிக் கொடுத்த பாத்திரம் வேறு, அதற்குள் நடிகை செய்தது வேறு. சிக்கின் சிரிப்பும் பயமும் அவளை மனுஷியாக்குகின்றன. 1931-இல் வில்லியம் வெல்மனின் ‘சேஃப் இன் ஹெல்’ படத்தில் விடுதிப் பெண்ணாக வரும்போது கொச்சை மொழி எதுவுமின்றி இயல்பாகப் பேசுகிறார், அலட்டாமல் பாடுகிறார். வார்ப்பு இல்லாமலும் அவரால் நிற்க முடிந்தது.

அவ்வளவு திறமை இருந்தால் ஏன் நிலைக்கவில்லை என்பது அடுத்த கேள்வி. எம்.ஜி.எம். ஐந்தாண்டு ஒப்பந்தம் போட்டது. கதாநாயகி வேடம் மட்டும் தரவில்லை. இனம் கடந்த காதலைத் திரையில் காட்டக்கூடாது என்றது 1930-இன் ஹாலிவுட் தயாரிப்பு விதி. வெள்ளை நாயகனோடு சேர்க்க முடியாது. கறுப்பின நாயகர்களை வைத்துப் பெரிய ஸ்டூடியோக்கள் படமெடுப்பதே அபூர்வம். 1932-இல் யூபி பிளேக் வாத்தியக் குழுவோடு ஒரு குறும்படம், 1935-இல் லண்டனில் பால் ரோப்சனோடு ‘சாண்டர்ஸ் ஆஃப் த ரிவர்’, 1949-இல் எலியா கசானின் ‘பிங்கி’யில் சிறு வேடம் என்று சிதறிப்போனது அவர் திரைவாழ்வு. 1967-இல் மறைந்தார்.

படங்களின் எண்ணிக்கையை வைத்து அவரை அளப்பது, கதவைச் சாத்தியவன் கணக்கை ஒப்புக்கொள்வதாகும். ‘ஹல்லெலூயா’ ஒன்றே அவரைத் திரையின் முதல்தரக் கலைஞர் வரிசையில் வைக்கப் போதும்.