பெரிய கோயில் இல்லாத தஞ்சாவூர்

போன வாரம் டீக்கடை டிவியில் 'பொன்னியின் செல்வன்' ஓடிக்கொண்டிருந்தது. அதிராம்பட்டினத்தில் சாயங்கால டீக்கடையில் கால்பந்தை விட்டால் வேறு பேச்சு எழுவது அபூர்வம். கிளாஸைக் கழுவிக் கவிழ்த்துக்கொண்டே கடைக்காரர் காக்கா கேட்டார்: "தஞ்சாவூருங்கிறான், பெரிய கோயிலக் காணோமே தம்பி?"

வழக்கமாக மைதானத்தை விட்டு நகராத இந்தப் பத்தி இந்த வாரம் திரைக்குள் போவது அந்த ஒரு கேள்வியால்தான். ஆட்டக்காரர் தோட்டா தரணி. ஆடிய இடம் தயாரிப்பு வடிவமைப்பு. நடிகர் வந்து நிற்பதற்கு முன்பே அவருக்குப் பின்னால் இருக்கும் சுவர், தூண், விளக்கு, தெரு திரும்பும் வளைவு எல்லாவற்றையும் முடிவு செய்து வைக்கிற வேலை. ஸ்கோர்ஷீட்டில் பேர் வராது.

காக்கா தொட்டது சரியான இடத்தை. ஆதித்த கரிகாலன் கொலையைச் சுற்றி நடக்கும் கதை அது, பத்தாம் நூற்றாண்டின் பிற்பகுதி. ராஜராஜன் முடிசூடியது 985இல். பெரிய கோயில் எழுந்து முடிந்தது 1010இல். 'இதுதான் தஞ்சாவூர்' என்று ஒரே ஷாட்டில் சொல்லக்கூடிய விமானத்தைத் தரணியால் தொடவே முடியாது. ஸ்ட்ரைக்கர் சிவப்பு அட்டை வாங்கி வெளியே உட்கார்ந்திருக்க, மீதிப் பேரை வைத்து ஜெயிக்க வேண்டிய ஆட்டம். இன்று தஞ்சையில் இருக்கும் அரண்மனையும் உதவாது. அது நாயக்கர், மராட்டியர் கட்டியது.

சரி, சோழன் வீடு எங்கே? டெல்டாவில் எங்கே தோண்டினாலும் வண்டல்தான், கல் கிடையாது. தூரத்திலிருந்து வந்த கல் சாமிக்குப் போயிற்று. ராஜாவுக்குச் செங்கல், மரம், ஓடு. கங்கைகொண்ட சோழபுரத்து மாளிகைமேட்டில் அகழ்ந்தபோது செங்கல் அடித்தளமும் ஓட்டுச் சில்லுகளும் கிடைத்தன. மேலே இருந்த மரம் மண்ணோடு மண். மிச்சம் இருக்கிற நல்ல சாட்சி, பெரிய கோயிலின் உள்சுற்றில் இருக்கும் சோழர் கால ஓவியம். அதில் வரும் தில்லைக் காட்சியில் கூரை சரிந்து இறங்குகிறது, கேரளத்துக் கோயில்களைப் பார்த்தவர்களுக்குச் சட்டென்று பிடிபடும். போதாக்குறைக்கு எதிரணியில் ஓவியர் மணியம் வேறு. 1950இல் கல்கி இதழில் இந்தக் கதை தொடராகத் தொடங்கியபோது அவர் வரைந்ததுதான் மூன்று தலைமுறை வாசகர் மனதில் சோழநாடு.

உள்ளரங்கக் காட்சிகளில் தரணிக்குத் தெளிவான வெற்றி. தூண்கள் விளக்கொளியில் பாதி இருட்டில் நிற்கும்போது, சதி செய்ய ஏற்ற வீடுதான் என்று நம்பிவிடுகிறோம். வெளியே வந்ததும் ஆட்டம் தளர்கிறது. படப்பிடிப்பு நடந்த ஊர்களில் பேத்வா கரை ஓர்ச்சாவும் நர்மதைக் கரை மகேஷ்வரும் உண்டு. ஒன்று புந்தேலர் கோட்டை, இன்னொன்று அகல்யாபாய் ஹோல்கர் காலத்தது. இரண்டும் கல்லையும் மேட்டையும் நம்பி எழுந்தவை. குனிந்து ஒரு பிடி சேற்றை அள்ள முடியாத ஊர் எப்படிச் சோழநாடாகும்? வெளியூர் மைதானத்தில் டிரா என்றே எழுதுவேன். திருவையாறு படித்துறையில் கேமரா வைத்தால் ஃபிரேமில் செல்போன் டவர் விழும் என்பதும் தெரிந்ததுதான்.

இதே மனிதர் 1987இல் 'நாயகன்' படத்துக்காகத் தாராவியைச் சென்னை வீனஸ் ஸ்டுடியோவில் எழுப்பித் தேசிய விருது வாங்கியவர். அங்கே போய்ப் பார்த்து வரைய அசல் தாராவி இருந்தது.

அசல் எப்படி இருக்கும் என்பதற்கு எங்கள் ஊர்ப் பழைய வீட்டுச் சுவரைப் பாருங்கள். ஒரு பக்கம் உப்பளம், ஒரு பக்கம் கடல். தரையிலிருந்து இடுப்பு உயரம் வரை காரை பொரிந்து, உப்பு பூத்து, விரல் வைத்தால் மாவாக உதிரும். அதற்கு மேலே சுண்ணாம்பு அப்படியே இருக்கும். வாசல் நிலையில் மட்டும் ஒரு கறுப்புப் பளபளப்பு, ஏறி இறங்குகிறவர்கள் பிடித்துப் பிடித்து வந்தது. பிளைவுட் அடித்து பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் பூசிப் புதுச் சுவர் எழுப்பிவிடலாம். அதைப் பழசாக்குவதில்தான் கைவேலை தெரியும். ஒரே சீராக அழுக்கடித்தால் நாடக மேடை. எங்கே கை படும், எங்கே ஈரம் ஏறும் என்று தெரிந்து அடித்தால் வீடு.

இந்தக் கணக்குத் தெரிந்த டெல்டாக்காரர் ஒருவர் இருந்தார். பூம்புகாரில் பிறந்த பி. கிருஷ்ணமூர்த்தி. 'மத்வாச்சார்யா', 'ஒரு வடக்கன் வீரகதா', 'பாரதி' மூன்றுக்கும் கலை இயக்கத்துக்கான தேசிய விருது. 2020 டிசம்பரில் போய்விட்டார். சோழநாட்டுக் களத்தில் அவரை ஒரு தடவை இறக்கிப் பார்த்திருக்க வேண்டும் என்ற ஆதங்கம் எனக்கு உண்டு.

காக்காவிடம் 1010 கணக்கைச் சொன்னேன். துணியைத் தோளில் போட்டுக்கொண்டு கொஞ்ச நேரம் டிவியைப் பார்த்தார்.

"அப்ப, கோயிலு வர்றதுக்கு முன்னாடி அந்த எடத்துல என்ன இருந்துச்சு?"