பூர்ணம் விஸ்வநாதனின் குரல்

பூர்ணம் விஸ்வநாதனைப் பற்றி ஒரு விமர்சனப் பத்திரிகையில் எழுத என்ன இருக்கிறது என்று நண்பர்கள் கேட்கலாம். சபா நாடகக்காரர், சினிமாவில் சாதுவான கிழவர் என்று இரண்டு வார்த்தையில் முடித்துவிடுவது நம் வழக்கம். நானும் அப்படி முடித்தவன்தான். அது அலட்சியம் என்று இப்போது படுகிறது.

நடிகராக அறியப்படுவதற்கு முன் அவர் செய்தி வாசித்தவர். 1947 ஆகஸ்ட் 15 அன்று சுதந்திரச் செய்தியை டில்லி வானொலியில் தமிழில் வாசித்தவர். செய்தி வாசிப்பவனுக்கு ஒரு தர்மம் உண்டு: கேட்பவன் பட வேண்டிய உணர்ச்சியை அவன் முந்திக்கொண்டு பட்டுவிடக் கூடாது. வங்கிக் கவுண்டரில் உட்கார்ந்து, கடன் கிடைக்காது என்று சொல்ல வேண்டியிருக்கும் எனக்கு இது கொஞ்சம் தெரியும். நம் நடிப்பு மரபோ இதற்கு நேர் எதிர். நாம் அழ வேண்டியதையும் மேடையிலேயே அழுது தீர்த்துவிடுவார்கள்.

சுஜாதாவின் 'கடவுள் வந்திருந்தார்' நாடகத்தில் அவர் ஏற்றது ஸ்ரீனிவாசன் என்ற ஓய்வுபெற்றவரின் வேஷம். எதிர்காலத்திலிருந்து வந்த ஒருவன் ஸ்ரீனிவாசன் கண்ணுக்கு மட்டும் தெரிகிறான். வீட்டார் அவரைப் பைத்தியம் என்கிறார்கள். நான் இதை மேடையில் பார்த்ததில்லை, அச்சில் படித்தவன். படிக்கையில் காதில் விழுந்தது அவர் குரல்தான். நம்ப முடியாததைச் செய்தி போலச் சொல்லும் குரல் இருந்தால்தான் அந்த ஹாஸ்யம் நிற்கும். கத்தினால் அது இன்னொரு துணுக்குத் தோரணம்.

சினிமா அந்தக் குரலின் நம்பகத்தை வாடகைக்கு எடுத்துக்கொண்டது. 'மூன்றாம் பிறை'யில் (1982) தலைமையாசிரியர். வேறு படங்களில் யாருக்காவது அப்பா. பல இடங்களில் சாதுத்தனமே அவரிடம் பழக்கமாக உறைந்துவிட்டது என்பதையும் மறைக்க வேண்டியதில்லை.

'மகாநதி' (1994) விலக்கு. சிறைக்குள் கிருஷ்ணசாமிக்குத் துணையாக இருக்கும் பஞ்சாபகேசன் சுலபமாக ஓர் உபதேசியாகியிருக்கக் கூடியவர். பூர்ணம் உபதேசிப்பதில்லை. தனக்குத் தெரிந்ததைத் தெரிவிக்கிறார், அவ்வளவுதான். அந்தப் படத்தின் அத்தனை வதைக்கும் நடுவே ஆறுதலாக நிற்பது அந்தச் சாதாரணத் தொனி.

அவர் 2008இல் மறைந்தார். நம் புதுக்கவிதையிலும் வாசகனுக்கு முன் கவிஞனே அழுதுவிடுகிறான் என்று எத்தனையோ முறை குறைபட்டிருக்கிறோம். அழாமல் சொல்லத் தெரிந்த ஒருவர் இங்கே இருந்தார். அவர் சபாவிலிருந்து வந்தவர் என்பதால் நாம் காது கொடுக்கவில்லை.